போர்ப் படத்தில் வந்த ரிவர்ஸ் பாட்டு

என் தங்கை வீட்டுக்காரர் செத்ததற்கு அவருடைய காதுதான் காரணம் என்று சொன்னது நீங்கள்தான். காரியம் நடந்த பந்தலில், சொந்தக்காரர்கள் அத்தனை பேர் முன்னால், காபி டம்ளரைக் கையில் வைத்துக்கொண்டு சொன்னீர்கள். அது பொய். பொய் என்று எனக்கு ஒரு சினிமா தியேட்டரில்தான் தெரிந்தது.

உங்கள் பெயரை நான் இங்கே எழுதவில்லை. ஆலையின் பெயரையும் எழுதவில்லை. நாமக்கல் பக்கம் கோழித்தீவன ஆலை நடத்துகிறவர்கள் நிறையப் பேர் இருக்கிறார்கள். படித்தால் உங்களுக்குத் தெரியும், அது போதும். மற்றவர்களுக்காக முதலில் இருந்து சொல்கிறேன்.

நான் ஆட்டையாம்பட்டிக்குப் பக்கத்தில் விசைத்தறி ஓட்டுகிறவள். தறி ஓடும்போது பக்கத்தில் இருப்பவரிடம் பேசுவதானாலும் கத்தித்தான் பேசவேண்டும். அதனால் வெளியே வந்தாலும் எனக்குச் சத்தமாகத்தான் பேச வரும். எழுத்தும் அப்படித்தான் இருக்கும். பூசி மெழுகி எழுதத் தெரியாது.

இது நடந்தது போன சித்திரையில், ஒரு ஞாயிற்றுக்கிழமை மதியம், நாமக்கல்லில் ஒரு தியேட்டரில். அன்று என் தங்கையைப் படத்துக்குக் கூட்டிக்கொண்டு போயிருந்தேன். அவளை நாமக்கல்லில்தான் கட்டிக் கொடுத்தோம். பிள்ளை இல்லை. அவள் வீட்டுக்காரர் உங்கள் ஆலையில் மூட்டை இறக்கும் வேலை பார்த்தார். மக்காச்சோளமும் சோயாவும் லாரி லாரியாக வரும். லாரி பின்னாலேயே வந்து மேடையை ஒட்டி நிற்க வேண்டும், பிறகு மூட்டையை இறக்குவார்கள். அப்படிப் பின்னால் வந்த ஒரு லாரிக்கும் மேடைக்கும் நடுவில் மாட்டித்தான் அவர் செத்தார். அதற்கு முந்தின வருஷம் அது நடந்தது.

லாரித் தொழிலைத் தெரியாதவர்களுக்கு ஒன்றைச் சொல்ல வேண்டும். லாரி பின்னால் வரும்போது டிரைவருக்குப் பின்பக்கம் சரியாகத் தெரியாது. அதனால் ஒரு ஆள் கீழே இறங்கிப் பின்னால் நிற்பார். பெரும்பாலும் கிளீனர்தான். வா வா வா என்று சொல்லிக்கொண்டே இருப்பார். ரைட்டில் ஒடி, லெப்டில் ஒடி என்பார். குறுக்கே யாராவது வந்தாலோ, இடம் முடிந்தாலோ, வண்டியின் பக்கப் பலகையைக் கையால் ஓங்கி இரண்டு தட்டுத் தட்டி ‘ஓல்டான்’ என்பார். நிறுத்து என்று அர்த்தம். வெள்ளைக்காரன் பேச்சில் இருந்து வந்த சொல் என்கிறார்கள். எங்கிருந்து வந்தால் என்ன. எங்கள் பக்கம் ஓல்டான் என்று ஒரு குரல் கேட்டால் எந்த டிரைவரின் காலும் தானாகப் பிரேக்குக்குப் போய்விடும்.

இப்போது அந்த ஆளுக்குப் பதிலாக ஒரு பெட்டி வந்துவிட்டது. ரிவர்ஸ் கியர் போட்டால் அந்தப் பெட்டி பாட்டுப் பாடும். டிங்டிங் என்று மணி மாதிரி ஒரு மெட்டு. கொஞ்ச தூரம் போகும், மறுபடி முதலில் இருந்து ஆரம்பிக்கும். வண்டி நிற்கும் வரைக்கும் அதையேதான் பாடும். லாரி, பள்ளிக்கூட வேன், தண்ணீர் வண்டி எல்லாவற்றிலும் அது இருக்கிறது. ‘ரிவர்ஸ் பாட்டு’ என்றுதான் எல்லாரும் சொல்வார்கள்.

பந்தலில் நீங்கள் சொன்னது இதுதான். “பாட்டு அடிச்சுட்டேதானுங்க வண்டி வந்துது. அந்தச் சத்தம் ஊருக்கே கேக்குது. அவுருக்குக் கேக்கலீன்னா நான் என்னங்க பண்றது.” மரியாதையாகத்தான் சொன்னீர்கள். முகத்தில் வருத்தம்கூட இருந்தது. சொல்லிவிட்டு டம்ளரை வைத்துவிட்டுப் போய்விட்டீர்கள்.

நீங்கள் போன பிறகு நடந்தது உங்களுக்குத் தெரியாது. பந்தலில் ஒருவர் “அவனுக்குச் சின்ன வயசுலயே காது கொஞ்சம் மந்தந்தான்” என்றார். இன்னொருவர் “செவிட்டு ஆளு எதுக்கு லாரிக்கு நடுவுல போவோணும்” என்றார். துக்கம் கேட்க வந்த உறவுமுறைக்காரி ஒருத்தி, “ஏஞ்சாமி, உனக்குத் தெரிஞ்சிருக்குமே, நீ ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாமே” என்று என் தங்கையிடமே கேட்டாள். உயிரோடு இருந்தவரைக்கும் யாரும் அவர் காதைப் பற்றிப் பேசியதில்லை. ஒரே நாளில் அவரைச் செவிடன் ஆக்கிவிட்டார்கள். ஆரம்பித்து வைத்தவர் நீங்கள்.

அதைவிடக் கொடுமை, என் தங்கையே அதை நம்ப ஆரம்பித்துவிட்டாள். நான் போகிற போதெல்லாம் அதையேதான் பேசுவாள். “நான் சமையக்கட்டுல இருந்து கூப்பிட்டா சில நேரம் திரும்ப மாட்டாருக்கா. டிவி பாக்கறாருன்னு நெனச்சேன். காது கேக்காமத்தான் இருந்திருக்குமோ. நான் ஆஸ்பத்திரிக்குக் கூட்டிட்டுப் போயிருந்தா இன்னைக்கு இருந்திருப்பாரோ.” டிவி பார்க்கும்போது எந்த ஆம்பளை திரும்பிப் பார்க்கிறான் என்று நான் சத்தம் போடுவேன். அவள் கேட்க மாட்டாள். யோசித்து யோசித்து, அவர் எப்போதெல்லாம் திரும்பவில்லை என்று ஒவ்வொன்றாகத் தேடி எடுத்துக்கொண்டு வருவாள். புருஷனைப் பறிகொடுத்தவள் அழுதால் பார்த்துக்கொண்டு இருக்கலாம். தான்தான் கொன்றோம் என்று அவள் நினைத்தால் என்ன செய்வது? அவளுக்கு அதைக் கொடுத்ததும் நீங்கள்தான்.

வீட்டுக்குள்ளேயே கிடந்தாள். எங்காவது வெளியே கூட்டிக்கொண்டு போனால் தேவலை என்றுதான் அந்த ஞாயிற்றுக்கிழமை நாமக்கல்லுக்குப் போனேன். குடும்பப் படம் ஒன்று ஓடிக்கொண்டிருந்தது. போய்ப் பார்த்தால் டிக்கெட் இல்லை. பக்கத்துத் திரையில் வெளிநாட்டுச் சண்டைப் படம், தமிழில் பேசுகிறது, அதற்கு இருக்கிறது என்றார்கள். திரும்பிப் போகலாமா என்று கேட்டேன். “எந்தப் படமா இருந்தா என்னக்கா, உள்ள ஏசி இருக்குதில்ல” என்றாள். அவள் அந்த அளவுக்குப் பேசியதே எனக்குச் சந்தோஷமாக இருந்தது.

உள்ளே நல்ல கூட்டம். பெண்கள் குறைவு. முக்கால்வாசி லாரிக்காரர்களும் பட்டறைக்காரர்களும்தான். ஞாயிற்றுக்கிழமை லாரிக்குக் கூண்டு கட்டும் பட்டறைகள் லீவு, எல்லாரும் சட்டை மாற்றிக்கொண்டு வந்திருந்தார்கள். எங்களுக்குப் பின் வரிசையில் ஒரு கும்பல். படம் ஆரம்பித்ததில் இருந்தே அவர்கள் வாய் மூடவில்லை. துப்பாக்கியை எப்படிப் பிடிக்க வேண்டும் என்று திரையில் இருந்த ஆளுக்குச் சொல்லிக் கொடுத்துக்கொண்டு இருந்தார்கள்.

படம் எனக்குப் பாதி புரியவில்லை. ஏதோ ஒரு நாட்டில் பனியும் சேறுமாக ஒரு ஊர். குண்டு போட்டுக்கொண்டே இருக்கிறார்கள். தியேட்டர் சுவரெல்லாம் அதிர்ந்தது. பெரிய குண்டு ஒன்று விழுந்ததும் திடீரென்று எல்லாச் சத்தமும் நின்றுவிட்டது. வாய் அசைகிறது, சத்தம் வரவில்லை. ஆட்கள் சேற்றில் விழுந்து கிடக்கிறார்கள். அடிபட்டவர்களை ஏற்றுவதற்காக ஒரு மிலிட்டரி லாரி பின்னாலேயே மெதுவாக வருகிறது. லாரி இன்ஜின் சத்தம்கூட இல்லை.

அந்த அமைதியில்தான் பியானோ வாசிக்க ஆரம்பித்தார்கள். படத்தில் யாரும் வாசிக்கவில்லை, பின்னணி இசை அது. முதல் மெட்டு வந்ததும் தியேட்டரில் இருந்த அத்தனை பேருக்கும் தெரிந்துவிட்டது. அதேதான். ரிவர்ஸ் பாட்டு.

ஒரு நொடிதான். பிறகு தியேட்டரே சிரித்தது.

“டேய், மிலிட்டரி வண்டிக்கும் நம்ம பாட்டுதான்டா” என்று பின்னால் ஒருவன் கத்தினான்.

“கூண்டு நம்மூர்ல கட்டுனதா இருக்கும்.”

“பின்னாடி ‘ஒலி எழுப்பவும்’னு எழுதியிருக்குதான்னு பாரு.”

நானும்தான் சிரித்தேன். சிரிப்பு வராமல் எப்படி இருக்கும்? சேற்றில் அந்த லாரி பின்னால் வருகிறது, நம் ஊர் ரிவர்ஸ் பாட்டு கேட்கிறது. பிறகு பின் வரிசைக்காரர்கள் அந்த லாரிக்கு வழி சொல்ல ஆரம்பித்தார்கள். வா வா வா. ரைட்ல ஒடி. நேராக்கிக்கோ. வா வா. அந்தப் பக்கம் இருந்தவர்களும் சேர்ந்துகொண்டார்கள். கைதட்டல், விசில். திரையில் லாரிக்குப் பின்னால் ஒரு ஆள் சேற்றில் கிடக்கிறான். லாரி வந்துகொண்டே இருக்கிறது. தியேட்டர் முழுக்க வா வா என்கிறது.

என் தங்கை எழுந்து நின்றாள்.

முன் சீட்டின் முதுகில் உள்ளங்கையால் ஓங்கி இரண்டு தட்டுத் தட்டினாள். “ஓல்டான்” என்றாள்.

அவளுக்கு அப்படி ஒரு குரல் இருப்பது எனக்கே தெரியாது. தறிக்கூடத்தில் இருப்பவள் நான், என்னால்கூட அப்படிக் குரல் கொடுக்க முடியாது. அது அவள் வீட்டுக்காரர் குரல். அவர் வீட்டில் அப்படித்தான் பேசுவார். இலையில் சோறு போதும் என்றால் ஓல்டான். எண்ணெய் அதிகமாக ஊற்றினால் ஓல்டான். இவளும் அதைக் கேட்டுக் கேட்டுப் பழகியிருக்கிறாள்.

தியேட்டர் அப்படியே அடங்கிவிட்டது. யாரோ அதட்டினார்கள் என்று அடங்கவில்லை. அங்கே இருந்தவர்கள் பாதிப் பேர் லாரியில் வளர்ந்தவர்கள். அந்தத் தட்டும் அந்தச் சொல்லும் கேட்டால் நின்றுதான் ஆகவேண்டும். விசில் அடித்தவன் பாதி விசிலில் நிறுத்தினான்.

அந்த அமைதியில் பியானோ மட்டும் வாசித்துக்கொண்டு போனது. முதல் மெட்டு முடிந்தது. பெட்டியாக இருந்தால் மறுபடி முதலில் இருந்து ஆரம்பித்திருக்கும். இது அப்படி ஆரம்பிக்கவில்லை. வேறு எங்கோ போனது. தறியில் நாடா போய்ப் போய்த் திரும்புகிற மாதிரி கொஞ்ச நேரம் அங்கேயும் இங்கேயும் ஓடியது. பிறகு கனமான ஒரு சத்தம், ஒரே இடத்தில், விடாமல் விழுந்தது. மூடின கதவை யாரோ தட்டிக்கொண்டே இருப்பது மாதிரி. திரையில் சேற்றில் கிடந்தவர்களை ஒவ்வொருவராகத் தூக்கினார்கள். யாரும் சிரிக்கவில்லை. என் தங்கை நின்றபடியே பார்த்தாள்.

ஒரு ஆள் டார்ச்சோடு வந்தார். “ஏனுங்க, யாருங்க சத்தம் போட்டது” என்றார். பின் வரிசையில் இருந்து ஒரு குரல், “ஒண்ணுமில்லீங்க, நீங்க போங்க” என்றது. அவர் போய்விட்டார். அதே குரல் மெதுவாக, “உக்காருங்கக்கா” என்றது.

உட்கார்ந்தாள். என் காதோடு கேட்டாள். “அக்கா, இதுக்கு மேலயும் இருக்குதா இந்தப் பாட்டு?”

“இருக்குதாட்ட இருக்குது கண்ணு” என்றேன். அப்போதுதான் எனக்குப் புரிந்தது, பந்தலில் நீங்கள் சொன்ன பாட்டு எது என்று. அந்த ஆலை லாரிகளில் ஏதோ சினிமாப் பாட்டு என்றுதான் நான் அதுவரைக்கும் நினைத்துக்கொண்டு இருந்தேன். சில வண்டிகளில் வேறு பாட்டும் வைக்கிறார்கள். அவள் தினமும் எந்த மெட்டைக் கேட்டு நடுங்கிக்கொண்டு இருந்தாள் என்று என்னிடம் சொன்னதே இல்லை.

இடைவேளையில் வெளியே வந்து நின்றோம். பின் வரிசைக்காரர் ஒருவர் கையில் பாப்கார்னோடு வந்தார். நாற்பது வயது இருக்கலாம். இவர்தான் ‘ஒலி எழுப்பவும்’ என்று கேலி பேசியவர். “தப்பா நெனச்சுக்காதீங்கக்கா. நாங்க சும்மா வெளையாட்டுக்குத்தான். உங்கூட்டுலயும் வண்டித் தொழிலுங்களா, அப்படியே எங்க கிளீனர் மாதிரியே குரல் குடுத்தீங்க” என்றார்.

தங்கை சொன்னாள். அழாமல் சொன்னாள். எங்கூட்டுக்காரரு தீவன ஆலைல மூட்டை எறக்கறவரு, ரிவர்ஸ் வந்த வண்டில போயிட்டாரு, பாட்டு அடிச்சும் அவுருக்குக் கேக்கலைன்னு சொல்றாங்க, என்றாள்.

அவர் கையில் இருந்த பாப்கார்னை என்ன செய்வது என்று தெரியாமல் நின்றார். தானும் டிரைவர்தான் என்றார். “பாட்டை நம்பி யாருங்கக்கா நிப்பாங்க. யார்டுல எல்லா வண்டியும் ஒரே பாட்டுத்தானுங்க. ஒரே நேரத்துல ரிவர்ஸ் போட்டா எது எந்த வண்டீன்னு எங்களுக்கே தெரியாது. அதுக்குத்தான் ஆள் நிக்கோணும்ங்கறது. இப்ப எங்க நிக்க உடறாங்க. பாட்டுத்தான் இருக்குதே, ஆள் எதுக்குன்னு கேக்கறாங்க” என்றார்.

என் தங்கை அவரையே பார்த்துக்கொண்டு இருந்தாள். “ஏனுங்க, உங்களுக்குக் காது நல்லாக் கேக்கும்ல?” என்றாள்.

“கேக்குமுங்க.”

“உங்க கூட வந்தவிங்களுக்கு?”

“எல்லாருக்கும் கேக்குமுங்க. ஏனுங்கக்கா?”

“அப்பறம் ஏன் அந்தப் படத்து வண்டில இருந்து பாட்டு வருதுன்னு நெனச்சீங்க எல்லாரும்? அது வண்டிப் பாட்டே இல்லீங்களே.”

தியேட்டர் முழுக்கக் காது கேட்கிறவர்கள். லாரியிலேயே பொழுதைக் கழிக்கிறவர்கள். அவர்கள் அத்தனை பேரும் பாட்டைக் கேட்டார்கள். அத்தனை பேரும் அது அந்த லாரியில் இருந்து வருகிறது என்று நினைத்தார்கள். அத்தனை பேரும் தப்பு. பாட்டு கேட்டுவிட்டால் எங்கிருந்து வருகிறது என்று தெரிந்துவிடுமா? உட்கார்ந்த இடத்தில், ஏசியில், இத்தனை பேருக்குத் தெரியாதது, வெயிலில் குனிந்து வேலை செய்த ஒருத்தருக்கு மட்டும் எப்படித் தெரியும்?

இரண்டாம் பாதியையும் பார்த்துவிட்டுத்தான் போவேன் என்றாள். அந்தப் பியானோ மறுபடி வருமா என்று காத்துக்கொண்டு இருந்தாள். வரவில்லை. பஸ்ஸில் திரும்பி வரும்போது ஜன்னல் பக்கம் பார்த்துக்கொண்டே, “அவருக்குக் கேட்டுருக்குதுக்கா” என்றாள். “நல்லாக் கேட்டுருக்குது. முன்னாடி நின்ன வண்டீன்னு நெனச்சுட்டாரு.”

அவர் செத்த அன்று என்ன செய்துகொண்டு இருந்தார் என்பது உங்களுக்கும் தெரியும். மேடைக்கு வந்து நின்ற ஒரு லாரியின் சக்கரத்துக்குக் கட்டை வைக்கக் குனிந்திருந்தார். அந்த லாரி நின்ற பிறகும் டிரைவர் கியரை எடுக்கவில்லை, பாட்டுப் பாடிக்கொண்டேதான் இருந்திருக்கிறது. அப்போது அவர் குனிந்திருந்த பக்கம், அதே மேடைக்கு இன்னொரு லாரி அதே பாட்டோடு பின்னால் வந்திருக்கிறது. கூட வேலை பார்த்தவர்களே இதைச் சொன்னார்கள். அன்றைக்கே சொன்னார்கள். எங்களுக்குத்தான் அப்போது புரியவில்லை. நீங்கள் ‘பாட்டு அடித்தது’ என்றதுமே எங்கள் வாய் அடைத்துப் போயிற்று.

படம் பார்த்த வாரமே நாங்கள் இரண்டு பேரும் உங்கள் ஆலைக்கு வந்தோம். எடைமேடைக்குப் பக்கத்தில் நின்று யாருடனோ பேசிக்கொண்டு இருந்தீர்கள். “வாங்க அம்மணி, தண்ணி குடிக்கறீங்களா” என்று கேட்டீர்கள். அதையும் எழுதிவிடுகிறேன், நாளைக்கு நான் மரியாதை தெரியாதவள் என்று சொல்லிவிடக் கூடாது. என் தங்கை தண்ணீர் வேண்டாம் என்றாள். “எங்கூட்டுக்காரருக்குக் காது கேக்கும்ங்க. காது கேக்கலைன்னு பந்தல்ல சொன்னீங்க, அதை மாத்திச் சொல்லோணும்” என்றாள்.

நீங்கள் பழையபடியே ஆரம்பித்தீர்கள். பாட்டு அடித்தது, கேமராவில் சத்தத்தோடு இருக்கிறது, போலீசும் பார்த்துவிட்டது என்றீர்கள். அந்த நேரம் உங்கள் முதுகுக்குப் பின்னால் யார்டில் லாரிகள் வந்துகொண்டு இருந்தன. பாட்டு ஓடிக்கொண்டு இருந்தது. ஒன்றா, இரண்டா, தெரியவில்லை. ஒரு பாட்டின் மேல் இன்னொரு பாட்டு ஏறி விழுந்துகொண்டு இருந்தது.

“திரும்பிப் பாக்காமச் சொல்லுங்க” என்றாள் என் தங்கை. “இப்ப எந்த வண்டி பின்னாடி வருது? எந்த வண்டி சும்மா நிக்குது?”

சிரித்தீர்கள். பிறகு சிரிப்பை நிறுத்தினீர்கள். உங்கள் கழுத்து திரும்பியது. நான் பார்த்தேன். மூட்டை இறக்கிக்கொண்டு இருந்தவர்களும் பார்த்தார்கள். திரும்பிப் பார்க்காமல் உங்களால் சொல்ல முடியவில்லை. உங்களுக்குக் காது மந்தம் என்று நாங்கள் யாரும் சொல்லவில்லை.

“வேலை நேரத்துல வந்து இதெல்லாம் பேசாதீங்க அம்மணி” என்று சொல்லிவிட்டு உள்ளே போய்விட்டீர்கள். உங்கள் மேஸ்திரி எங்களை வாசல் வரைக்கும் கொண்டுவந்து விட்டார். நாங்கள் நடந்து வரும்போது எங்களுக்குப் பின்னாலும் பாட்டு கேட்டது. இரண்டு பேரும் துள்ளித் திரும்பினோம். எந்த லாரியும் எங்கள் பக்கம் வரவில்லை. திரும்பிப் பார்த்த பிறகுதான் அது தெரிந்தது. உங்கள் யார்டில் எந்த லாரிக்குப் பின்னாலும் ஒரு ஆளைக்கூட நான் பார்க்கவில்லை. ஒருவர் செத்த பிறகும் நிறுத்தவில்லை.

கொஞ்ச நாள் கழித்து உங்கள் பங்காளி ஒருவர் என் தங்கை வீட்டுக்கு வந்தார். அண்ணன் மனசில் ஒன்றும் இல்லை, காது விஷயம் தெரியாமல் சொன்னதுதான், நீங்களும் இதைப் பெரிசு பண்ண வேண்டாம் என்றார். அதாவது சொன்னது தப்பு என்று உங்களுக்குத் தெரிந்திருக்கிறது. ஆனால் நாலு சுவருக்குள், ஆள் விட்டுச் சொல்கிறீர்கள். என் தங்கை அவருக்குக் காபி கொடுத்தாள். கொடுத்துவிட்டு, “சொன்னது ஊருக்கு முன்னாடிங்க. இல்லீங்கறது மட்டும் ஊட்டுக்குள்ளயா?” என்று கேட்டாள். அவர் காபியைக் குடித்துவிட்டுப் போய்விட்டார்.

எங்கள் தறிக்கூடத்தில் ஒரு பெண் போனில் தேடி அந்தப் பியானோ வாசிப்பை முழுசாக எடுத்துக் கொடுத்தாள். ரொம்பக் காலத்துக்கு முன்னால் வெளிநாட்டில் ஒருவர் எழுதியதாம். பியானோ பழகுகிற பிள்ளைகள் எல்லாம் வாசிப்பார்களாம். எனக்கு அதில் ஒன்றும் தெரியாது. ஒன்று மட்டும் தெரிகிறது. அதை எழுதியவர் ஒரு மனுஷன் நிற்க வேண்டிய இடத்தில் மாட்டி வைப்பதற்காக எழுதவில்லை. அவர் எழுதியதில் முதல் துண்டை மட்டும் வெட்டி எடுத்து, பெட்டியில் போட்டு, சம்பளம் கேட்காத கிளீனர் ஆக்கிவிட்டார்கள். அது பாடும். குறுக்கே ஆள் இருக்கிறானா என்று பார்க்காது. ஓல்டான் என்று சொல்லாது. ஆள் செத்த பிறகும் பாடிக்கொண்டேதான் இருக்கும்.

என் தங்கை இப்போது ஆஸ்பத்திரிக்குக் கூட்டிப் போயிருக்கலாமே என்று சொல்வதில்லை. அது போதும் எனக்கு. ஆனால் ஆலையில் இருக்கிற மற்றவர்களும் சொந்தக்காரர்களும் இன்னும் அவரைக் காது கேட்காத ஆள் என்றுதான் நினைத்துக்கொண்டு இருக்கிறார்கள். காது நன்றாகக் கேட்கிற ஒரு மனுஷனைச் செத்த பிறகு செவிடன் ஆக்குவது எவ்வளவு சுலபம், அதைத் திருப்பி மாற்றுவது எவ்வளவு கஷ்டம் என்று ஒவ்வொரு லாரி பின்னால் வரும்போதும் நினைத்துக்கொள்கிறேன்.

நீங்கள் இந்தப் பத்திரிகை படிக்காவிட்டாலும் யாராவது படித்துச் சொல்வார்கள். இனிமேல் பங்காளியை அனுப்ப வேண்டாம். என் தங்கையிடம் தனியாகப் பேச வேண்டாம். ஒரு நாள் வேலை ஆரம்பிக்கும் முன்னால் உங்கள் ஆட்களை எல்லாம் ஆலை வாசலில் நிற்க வையுங்கள். நாங்களும் சொந்தக்காரர்களைக் கூட்டிக்கொண்டு வருகிறோம். எல்லார் காதிலும் விழுகிற மாதிரி ஒரே ஒரு கேள்விக்குப் பதில் சொல்லுங்கள்: அன்றைக்கு அந்த லாரிக்குப் பின்னால் யாரை நிறுத்தியிருந்தீர்கள்?